பழமும் சுக்கும் போட்ட டீ: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

போன மார்கழியில் பிள்ளையார் நோன்பன்று, எல்லாரும் இழை, அதாவது நூல்திரி ஏற்றிய இனிப்பு மாவு, எடுத்துச் சாப்பிட்டு முடித்ததும், காபிக்குப் பதிலாகப் பழமும் சுக்கும் துளசியும் போட்ட ஒரு டீயைக் கொடுத்தேன். நாற்பது பேர் இருந்தார்கள். குடித்தவர்களில் பாதிப்பேர் அங்கேயே செய்முறை கேட்டார்கள். மீதிப்பேர் ஊருக்குப் போய் வாட்ஸ்அப்பில் கேட்டார்கள். தைப்பூசம் தாண்டியும் கேள்வி நிற்கவில்லை. ஒரே பதிலை எத்தனை தடவைதான் பேசி அனுப்புவது? அதனால் கேட்டவர்கள் கேட்டபடியே கேள்விகளை எழுதி, பக்கத்தில் பதிலையும் போட்டிருக்கிறேன்.

"இதுல டீத்தூளே இல்லையே ஆச்சி, அப்புறம் எப்படி இது டீ?"

நியாயமான கேள்வி. நீலகிரியிலும் வால்பாறையிலும் விளைகிற தேயிலை இதில் ஒரு கிள்ளுகூடக் கிடையாது. அதனால் காஃபீனும் கிடையாது. ராத்திரி ஒன்பது மணிக்குக் குடித்தாலும் அதனால் தூக்கம் கெடாது.

கறாராகப் பெயர் வைத்தால் கஷாயம் என்றுதான் சொல்லவேண்டும். ஆனால் அந்தச் சொல்லைக் கேட்டதும் எங்கள் வீட்டுப் பிள்ளைகள் மாடிக்கு ஓடிவிடும். பழனிக்கு நடந்து போகிறவர்களுக்கு வழியில் கொடுக்கிறார்களே சுக்கு காபி, அதில் எத்தனை பேர் காப்பித்தூள் போடுகிறார்கள்? அந்தக் கணக்கில் இதுவும் டீ.

"காரைக்குடி வெயிலுக்கு உடம்பைச் சூடாக்குற டீ எதுக்கு?"

சித்திரையில் குடிக்கச் சொல்லவில்லை. ஐப்பசி அடைமழையில் ஆரம்பித்துத் தை முடியும்வரை குடிக்கிற டீ இது. நம் பக்கத்து வீடுகள் எல்லாம் வெயிலை நினைத்துக் கட்டியவை. உயரமான கூரை, சுண்ணாம்புச் சுவர், நடுவில் திறந்த முற்றம், தரையில் ஆத்தங்குடிக் கல். மே மாதத்தில் அது சொர்க்கம். மார்கழி விடியலில், ராத்திரி பெய்த மழை முற்றத்தில் தேங்கி நிற்கும்போது, அதே தரையில் வெறுங்காலோடு நடந்து பாருங்கள். குளிர் முழங்கால்வரை ஏறும்.

"சரி, எப்படிப் போடறது? அளவோட சொல்லுங்க."

நாலு பேருக்குச் சொல்கிறேன். டம்ளர் என்றால் 150 மில்லி டம்ளர். ஐந்து டம்ளர் தண்ணீர் வையுங்கள், வற்றி வடிகட்டி நாலு டம்ளர் வரும். கட்டைவிரல் நுனியளவு சுக்கைத் தோல் சீவி நச்சுங்கள். ஒரு அங்குலப் பட்டை, நாலு மிளகு, இரண்டு ஏலக்காய், இவற்றையும் லேசாகத் தட்டித் தண்ணீரில் போட்டு, கொதி வந்ததும் தீயைக் குறைத்துப் பத்து நிமிடம் விடுங்கள்.

அப்புறம் பழம். இரண்டு பெரிய நெல்லிக்காயைக் கொட்டை நீக்கி நறுக்கிப் போடுங்கள். பாதி ஆப்பிளைத் தோலோடு மெல்லிசாக நறுக்கிப் போடுங்கள். பதினைந்து கறுப்புத் திராட்சை, உலர்ந்தது, கையால் பிய்த்துப் போடுங்கள். இரண்டு மேசைக்கரண்டி பனங்கற்கண்டும் இப்போதே சேரட்டும். மூடி வைத்து ஐந்து நிமிடம், சிறு தீயில்.

அடுப்பை அணைத்த பிறகுதான் இலை. பத்துத் துளசி இலை, ஆறேழு புதினா இலை. கசக்காமல் முழுசாகப் போட்டு மூடி, இன்னொரு ஐந்து நிமிடம் ஊற விடுங்கள். வடிகட்டி டம்ளரில் ஊற்றியதும் அரை மூடி எலுமிச்சையை நாலு பேருக்கும் பங்கிட்டுப் பிழியுங்கள். அவ்வளவுதான், மொத்தம் இருபது நிமிட வேலை.

"எல்லாத்தையும் ஒண்ணாப் போட்டு ஒரே கொதியா விட்டா என்ன?"

இதைத்தான் எல்லாரும் செய்கிறார்கள். செய்துவிட்டு "உங்க வீட்டு மாதிரி வரலையே" என்று என்னிடம் வருகிறார்கள். நான் சொல்ல வந்ததில் முக்கியமானது இந்த ஒரு விஷயம்தான். என்ன பொருள் போட்டீர்கள் என்பது இரண்டாம்பட்சம், எதை எப்போது போட்டீர்கள் என்பதில்தான் ருசி இருக்கிறது.

வேர், பட்டை, விதை எல்லாம் இறுகிப்போன சாமான்கள். அவற்றின் சாரம் உள்ளே அடைபட்டிருக்கிறது. நச்சிக் கொதிக்கவிட்டால்தான் இறங்கும். இலை அப்படியில்லை. துளசிக்கும் புதினாவுக்கும் மணம் தருவது சீக்கிரம் ஆவியாகிப்போகிற எண்ணெய். கொதிக்கிற தண்ணீரில் பத்து நிமிடம் விட்டால் அந்த எண்ணெய் நீராவியோடு போய்விடும். போட்ட துளசி அடுப்படி முழுக்க மணக்கும், டம்ளரில் பச்சைத்தழை வாடைதான் மிஞ்சும். கூடவே கசப்பும் இறங்கும். அதனால்தான் அணைத்த பிறகு போடுவதும், மூடி வைப்பதும். மூடியைத் திறக்கும்போது அதன் உள்பக்கம் முத்துமுத்தாக நிற்கும் தண்ணீரைக் கீழே சிந்தாதீர்கள். பாத்திரத்திலேயே தட்டிவிடுங்கள், பாதி மணம் அதில் இருக்கிறது.

பழம் இரண்டுக்கும் நடுவில். ஐந்து நிமிடம் வெந்தால் புளிப்பும் இனிப்பும் இறங்கும், கால்மணி நேரம் வெந்தால் குழைந்து டீ கலங்கிவிடும். எலுமிச்சைச் சாறு அடுப்பையே பார்க்கக் கூடாது. ரசத்துக்கு எலுமிச்சை பிழிகிறவர்களுக்கு இது தெரியும், இறக்கி வைத்துத்தானே பிழிகிறோம்?

"சுக்குக்குப் பதிலா பச்சை இஞ்சி போடலாமா?"

போடலாம், ஆனால் வேறு டீ ஆகிவிடும். பச்சை இஞ்சியின் காரம் நாக்கின் நுனியில் சுள்ளென்று தெரிந்து போய்விடும். இஞ்சி காயும்போது அதிலுள்ள ஜிஞ்சரால் என்கிற காரப்பொருள் ஷோகாலாக மாறுகிறது. அதற்குக் காரம் கூடுதல். சுக்கு டீ தொண்டையில் இறங்கி நெஞ்சில் நின்று சூடு காட்டுவது அதனால்தான். எலுமிச்சையும் அன்னாசியும் போடும் நாளில் எனக்கு இஞ்சி பிடிக்கும். நெல்லிக்காய் போட்டால் சுக்குதான்.

எதைப் போட்டாலும் தோல் சீவுங்கள். "சுக்குக்குப் புறணி நஞ்சு, கடுக்காய்க்கு அகணி நஞ்சு" என்று அப்பத்தா சொல்லிக்கொண்டே சீவுவார்கள். அவர்கள் சுக்கை முதலில் தணலில் காட்டுவார்கள். தோல் கருகி விலகும், கத்தியின் முதுகால் சுரண்டினால் பொருபொருவென்று உதிரும். உள்ளே மஞ்சள் நிறமாக, மண்ணும் பச்சைமரமும் கலந்த வாசனையோடு இருக்கும். இப்போது கேஸ் அடுப்பில் இடுக்கியால் பிடித்துக்கொண்டு நான் அதையே செய்கிறேன். இன்னொன்று, நாட்டு மருந்துக் கடையில் வெள்ளைவெளேரென்று இருக்கிற சுக்கைப் பார்த்து மயங்காதீர்கள். அது சுண்ணாம்பில் முக்கிக் காயவைத்தது. பழுப்பாக, சுருக்கம் விழுந்து இருப்பதை எடுங்கள். ஒன்றை உடைத்துப் பாருங்கள், உள்ளே பூச்சித்துளை இருந்தால் வேறு கடை.

"எந்தெந்தப் பழம் போடலாம்? வீட்ல வாழைப்பழம்தான் இருக்கு."

வாழைப்பழத்தைச் சாப்பிடுங்கள். டீயில் போட்டால் கூழ்தான். மாம்பழம், பப்பாளி, சப்போட்டா இவையும் அதே ரகம்.

புளிப்பும் கொஞ்சம் இறுக்கமும் உள்ள பழம்தான் இதற்கு வேண்டும். நெல்லி, ஆப்பிள், அன்னாசி, செங்காயாக இருக்கிற கொய்யா, மாதுளை முத்து, கமலா ஆரஞ்சு. மாதுளை முத்தைக் கரண்டியால் லேசாக நசுக்கிவிடுங்கள், விதையை அரைத்துவிடாதீர்கள், துவர்க்கும். ஆரஞ்சில் சுளையைவிடத் தோலில்தான் மணம். ஆனால் தோலின் உள்ளே இருக்கும் வெள்ளைப் பகுதியை வழித்து எடுத்துவிட வேண்டும், கசப்பே அதில்தான். கொய்யா மழைக்காலத்தில் மலிவாகக் கிடைக்கிறது, யாரும் அதை நினைத்துப் பார்ப்பதில்லை. ஒரு கொய்யாவும் ஒரு துண்டு பட்டையும் போட்டு ஒரு தடவை செய்து பாருங்கள். உலர்பழத்தில் திராட்சை, அத்தி, பேரீச்சை மூன்றும் நன்றாக இருக்கும். பேரீச்சை இரண்டு போட்டால் இனிப்பைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாம்.

"நெல்லிக்காயைக் கொதிக்க வச்சா வைட்டமின் சி எல்லாம் போயிடுமே?"

கொஞ்சம் போகும், இல்லையென்று சொல்லமாட்டேன். வைட்டமின் சி சூட்டில் அழியும், தண்ணீரிலும் கரையும். தண்ணீரில் கரைந்ததை நாம் குடித்துவிடுகிறோம், அது நட்டமில்லை. சூட்டில் போவதைக் குறைக்கத்தான் ஐந்து நிமிடத்தோடு நிறுத்துவது. ஆரஞ்சைவிட நெல்லிக்காயில் அது பல மடங்கு உண்டு என்பதால் கொஞ்சம் போனாலும் மீதி இருக்கும்.

சத்துக்காகவே குடிக்கிறவர்கள் நெல்லிக்காயைத் துருவிச் சாறு பிழிந்து, எலுமிச்சை மாதிரி கடைசியில் சேர்க்கலாம். துவர்ப்பு தூக்கலாக இருக்கும். எனக்கு ருசிதான் முக்கியம், நான் வேகவைக்கிறேன்.

"எங்க மாமியாருக்குப் பால் இல்லாம எதுவும் இறங்காது. கொஞ்சம் பால் ஊத்தலாமா?"

பழம் போட்டதில் ஊற்றினால் திரிந்துபோகும். புளிப்புப் பட்டதும் பாலில் உள்ள கேசீன் திரண்டுவிடும், பன்னீர் எடுக்கிற அதே வேலைதான். மாமியாருக்குத் தனியாகச் சுக்கு, மல்லி, ஏலக்காய், கருப்பட்டி போட்டுக் கொதிக்கவைத்து வடிகட்டி, கடைசியில் காய்ச்சின பாலைச் சேர்த்துக் கொடுங்கள். அதில் பழமும் கூடாது, எலுமிச்சையும் கூடாது. கருப்பட்டியோடு பாலைக் கொதிக்கவிட்டாலும் சில நேரம் திரியும், அதனால் பால் எப்போதும் கடைசி.

"பட்டையில ரெண்டு விதம் இருக்காமே?"

இருக்கிறது. மரப்பட்டை மாதிரி கெட்டியாக, ஒரே மடிப்பாக இருப்பது காசியா. மெல்லிய தாளைப் பல சுற்றாகச் சுருட்டினது போல, விரலால் நொறுக்கக்கூடியதாக இருப்பது இலங்கைப் பட்டை. நம் ஊர்க் கடைகளில் பட்டை என்று கேட்டால் பெரும்பாலும் முதல் வகைதான் வரும். கோழிக்குழம்புக்கு அதன் முரட்டுக் காரம் பொருத்தம். தினமும் குடிக்கிற டீக்குச் சுருள் பட்டையைக் கேட்டு வாங்குங்கள். காசியாவில் கூமரின் என்ற பொருள் அதிகம், நாள்தோறும் நிறையச் சேர்ந்தால் ஈரலுக்கு ஆகாது. எப்போதாவது ஒரு துண்டு போட்டால் பயப்பட ஒன்றுமில்லை.

இந்த இடத்திலேயே சொல்லிவிடுகிறேன். அஞ்சறைப் பெட்டி பக்கத்தில் இருக்கிறதே என்று கல்பாசியையும் மராட்டி மொக்கையும் போட்டுவிடாதீர்கள். என் தம்பி மகன் போட்டான். ஆப்பிள் மிதக்கிற கறிக்குழம்புத் தண்ணி மாதிரி இருந்தது. அன்னாசிப்பூ வேண்டுமானால் ஓரிரு இதழ் போடலாம், முழுப் பூ வேண்டாம்.

"இனிப்புக்குத் தேன், கருப்பட்டி, பனங்கற்கண்டு, இதுல எது?"

நிறம் தெளிவாக இருக்கவேண்டும், பழத்தின் ருசி முன்னால் வரவேண்டும் என்றால் பனங்கற்கண்டு. கருப்பட்டிக்கென்று ஒரு புகை வாசனை உண்டு, அது சுக்கோடு சேரும், ஆப்பிளை அமுக்கிவிடும். கருப்பட்டி போட்டால் முதலில் கரைத்து வடிகட்டிக்கொள்ளுங்கள், மண் இருக்கும். தேனைக் கொதிக்கிற டீயில் விடவேண்டாம், அதன் மணம் போய்விடும். டம்ளரைக் கையில் பிடிக்க முடிகிற சூட்டுக்கு வந்ததும் விடுங்கள். ஒரு வயது நிறையாத குழந்தைக்குத் தேன் எந்த வடிவத்திலும் கூடாது. அதில் இருக்கக்கூடிய நுண்ணுயிர் வித்துகள் பச்சைக் குழந்தையின் குடலில் விஷம் உண்டாக்கலாம்.

"எனக்குச் சுகர். கருப்பட்டின்னா பரவாயில்லைதானே?"

பரவாயில்லை என்று சொன்னால் உங்களுக்குப் பிடிக்கும். ஆனால் கருப்பட்டியும் பனங்கற்கண்டும் சர்க்கரைதான், ரத்தத்தில் ஏறத்தான் செய்யும். பேரீச்சையும் திராட்சையும் அப்படியே. நான் அளவில் சொன்ன திராட்சையை விட்டுவிட்டு, ஆப்பிளைக் கால்வாசியாகக் குறைத்து, ஏலக்காயை ஒன்று கூட்டி, இனிப்பே இல்லாமல் ஒரு வாரம் குடித்துப் பாருங்கள். நாக்கு பழகிவிடும்.

சிலர் இனிப்புக்காக அதிமதுரம் போடுகிறார்கள். அது நன்றாகவே இனிக்கும். ஆனால் அதிமதுரம் தொடர்ந்து போனால் ரத்த அழுத்தம் ஏறும், உடம்பில் பொட்டாசியம் இறங்கும். சுகர் உள்ளவர்களில் பலருக்குப் பி.பி.யும் சேர்ந்தே இருப்பதால் இதை ஒரு தடவைக்கு இரண்டு தடவை சொல்கிறேன்.

"அப்பத்தா காலத்துப் பித்தளைப் பாத்திரம் சும்மாக் கிடக்கு. அதுல போட்டா நல்லா இருக்குமே?"

பார்க்க நன்றாகத்தான் இருக்கும். உள்ளே ஈயம் பூசியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பித்தளை என்பது செம்பும் துத்தநாகமும். நெல்லிக்காய், எலுமிச்சை, அன்னாசி எல்லாம் புளிப்பு. பூச்சு இல்லாத பித்தளையில் புளிப்பைக் கொதிக்கவிட்டால் செம்பு கரைந்து டீயில் இறங்கும். ஒரு மாதிரி உலோக வாடை அடிக்கும், குமட்டும், வாந்தியும் வரலாம். பச்சைக் களிம்பு ஏறுகிறதே, அது இந்தச் சமாச்சாரம்தான். நம் வீடுகளில் பித்தளைப் பாத்திரத்துக்கு வருஷாவருஷம் ஈயம் பூச ஆள் வந்ததற்குக் காரணம் இருந்தது. பூசுவது வெள்ளீயமாக இருக்கவேண்டும். காரீயம் கலந்தால் அது வேறு விஷம், நம்பிக்கையான ஆளிடம் கொடுங்கள்.

அலுமினியமும் வேண்டாம், புளிப்பு அதையும் அரிக்கும். எவர்சில்வர் போதும். கண்ணாடிப் பாத்திரம் இருந்தால் நிறம் மாறுவதை வேடிக்கை பார்க்கலாம்.

மங்குச் சாமானைப் பற்றியும் இரண்டு பேர் கேட்டார்கள். இரும்புத் தகட்டின் மேல் எனாமல் பூசிய பாத்திரம் அது. பூச்சு நன்றாக இருந்தால் புளிப்பு ஒன்றும் செய்யாது. ஆனால் காரைக்குடிப் பழம்பொருள் கடையில் வாங்குகிற, ஓரம் பெயர்ந்த, பூப்போட்ட மங்கை அலமாரியில் வையுங்கள். பெயர்ந்த இடத்தில் துரு இறங்கும். அந்தக் காலத்துச் சாயங்களில் காரீயமும் காட்மியமும் இருந்திருக்க வாய்ப்பு உண்டு.

"செம்பருத்திப் பூ போட்டேன். சிவப்பா வராம ஊதாவும் கறுப்புமா ஒரு நிறம் வந்துச்சே, கெட்டுப்போச்சா?"

கெடவில்லை. செம்பருத்தி, சங்குப்பூ இரண்டிலும் இருக்கிற நிறப்பொருளுக்குப் புளிப்புப் பட்டால் சிவப்புப் பக்கம் போகும், உவர்த் தண்ணீர் பட்டால் நீலம், பச்சைப் பக்கம் போகும். எலுமிச்சை பிழிந்தீர்களா? நாலு சொட்டு விட்டாலே கண்முன்னால் மாறும். சங்குப்பூ நீலம் ஊதாவாகும், செம்பருத்தி ரத்தச்சிவப்பாகும். பிள்ளைகளைக் கூப்பிட்டுக் காட்டுங்கள், அதற்காகவாவது குடிப்பார்கள்.

அப்படியும் மங்கலாக இருந்தால் தண்ணீரைச் சந்தேகப்படுங்கள். நம் பக்கத்தில் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் பல இடங்களில் உப்பும் கடினமும். அந்தத் தண்ணீரில் பூ நிறம் கொடுக்காது, பழத்தின் புளிப்பும் மழுங்கிப்போகும். காரைக்குடியில் சம்பை ஊற்றுத் தண்ணீருக்குத் தனிப்பேர் இருப்பதும், கிராமங்களில் குடிக்க ஊருணித் தண்ணீர் எடுத்ததும் சும்மா இல்லை. மழைத் தண்ணீர் பிடித்து வைத்திருந்தால் ஒரு தடவை அதில் போட்டுப் பாருங்கள். இல்லாவிட்டால் வடிகட்டியில் வருகிற தண்ணீர்.

கடையில் செம்பருத்தி டீ என்று விற்கிற கருஞ்சிவப்புச் சருகு நம் வீட்டுப் பூ இல்லை. புளிச்சை வகைச் செடி ஒன்றின் காயைச் சுற்றி இருக்கும் சதைப்பற்றான புல்லிவட்டம் அது. இயல்பாகவே புளிக்கும், எலுமிச்சை தேவைப்படாது.

"நீங்க சொன்னபடிதான் செஞ்சேன். ஆனா கசக்குது."

கசப்புக்கு நாலைந்து வழி இருக்கிறது. துளசி கொதித்திருக்கும். ஆரஞ்சுத் தோலின் வெள்ளை போயிருக்காது. எலுமிச்சையைத் தோலோடு வட்டமாக நறுக்கிப் போட்டிருப்பீர்கள், படத்தில் அப்படித்தானே காட்டுகிறார்கள். விதை நசுங்கியிருக்கும். வடிகட்டாமல் அரைமணி நேரம் அப்படியே விட்டிருப்பீர்கள். கடைசியில் சொன்னதுதான் அதிகம் நடக்கிறது.

"நாப்பது பேருக்குன்னா எல்லாத்தையும் பத்து மடங்கு போடறதா?"

அப்படிப் போட்டு ஒரு தடவை மூக்கறுபட்டேன். அதற்கு முந்தின வருஷ நோன்பில்தான். பழமும் தண்ணீரும் பத்து மடங்கு, சரி. சுக்கும் மிளகும் பத்து மடங்கு போட்டேன். பெரிய பாத்திரம் கொதிக்கவே முக்கால்மணி நேரம் ஆனது, இறக்கின பிறகும் ஆறவே இல்லை. சாமான் அத்தனை நேரமும் சுடுதண்ணீரில் கிடந்து சாரத்தையெல்லாம் இறக்கிவிட்டது. துளசியையும் அதிலேயே மிதக்கவிட்டுவிட்டு நான் இழை மாவு பிசையப் போய்விட்டேன். முதல் வாய் குடித்த பெரியத்தான் ஒன்றும் பேசவில்லை, டம்ளரைத் திண்ணையில் வைத்துவிட்டுத் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இப்போது நாற்பது பேருக்கு ஏழரை லிட்டர் தண்ணீர் வைக்கிறேன். பழம் பத்து மடங்கு. காரச் சாமான் ஆறு, ஏழு மடங்கு, அதையும் மெல்லிய துணியில் மூட்டையாகக் கட்டிப் பாத்திரத்தின் காதில் முடிச்சுப் போட்டுவிடுகிறேன். ருசி பார்த்துப் போதும் என்றதும் தூக்கிவிடலாம். இலைக்கு வேறொரு மூட்டை. எலுமிச்சையைப் பாத்திரத்தில் பிழியாமல் சாறாகத் தனியே வைத்து, ஊற்றும்போது ஒரு கரண்டி சேர்ப்பேன்.

"பழத்தைக் காயவச்சு, எல்லாம் கலந்து பாட்டில்ல போட்டு வச்சுக்கலாமா? பொண்ணு பெங்களூர்ல இருக்கா, அனுப்பணும்."

தாராளமாக. வத்தல் போடத் தெரிந்த வீட்டுக்கு இது பெரிய வேலை இல்லை. ஆனால் காயவைப்பது வெயில் மாதத்தில் நடக்கவேண்டும். பங்குனி, சித்திரை, வைகாசி. கார்த்திகையில் மொட்டை மாடியில் ஆப்பிளைப் பரப்பிவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது. தோசைக்கல் மாதிரி சீரான கனத்தில், மூன்று நாலு மில்லிமீட்டர் அளவுக்கு மெல்லிசாக நறுக்குங்கள். ஆப்பிளை எலுமிச்சைத் தண்ணீரில் முக்கி எடுத்தால் கறுக்காது. மேலே வலைத்துணி, ராத்திரி வீட்டுக்குள். மூன்று நாலு நாள் ஆகும்.

காய்ந்ததா என்று தெரிந்துகொள்ள ஒரு துண்டை ஒடித்துப் பாருங்கள். நெல்லியும் ஆரஞ்சுத் தோலும் பட்டென்று ஒடியவேண்டும். ஆப்பிள் வளையலாம், ஆனால் நடுவில் கிழித்து அழுத்தினால் ஈரம் தெரியக் கூடாது. முழுக்க ஆறவைத்துக் கண்ணாடி பாட்டிலில் போட்டு ஒரு வாரம் பாருங்கள். பாட்டிலின் உள்பக்கம் வேர்த்தால் திரும்பக் காயவைக்கவேண்டும். பூசணம் பிடித்தால் அந்தத் துண்டை மட்டும் எடுத்துவிட்டு மற்றதை வைத்துக்கொள்ளலாமா என்று கேட்காதீர்கள், மொத்தத்தையும் கொட்டுங்கள்.

பெண்ணுக்கு அனுப்பும்போது மூன்று பொட்டலமாகக் கட்டுங்கள். ஒன்றில் சுக்கு, பட்டை, மிளகு, ஏலம். ஒன்றில் பழம். ஒன்றில் நிழலில் காய்ந்த துளசியும் புதினாவும், இலைக்கு வெயில் ஆகாது. ஏன் மூன்று என்று கேட்டால் மேலே "ஒரே கொதியா விட்டா" என்ற கேள்விக்குச் சொன்னதைக் காட்டுங்கள்.

"ராத்திரியே போட்டு ஃபிளாஸ்க்ல வச்சுக் காலையில குடிக்கலாமா?"

வடிகட்டி, எலுமிச்சை சேர்க்காமல் வைத்தால் நாலைந்து மணி நேரம் நன்றாக இருக்கும். ராத்திரி முழுக்க வேண்டாம். சூடு குறைந்து வெதுவெதுப்பில் நிற்கிற பழச்சாறு புளிக்க ஆரம்பிக்கும். ஆறவைத்து ஃபிரிட்ஜில் வைத்துக் காலையில் சுடவையுங்கள், கொதிக்கவிடாமல்.

"இதைக் குடிச்சா சளி, இருமல் போயிடுமா?"

தொண்டைக்கு இதமாக இருக்கும். ஆவி பட்டு மூக்கடைப்பு கொஞ்சம் இளகும். உடம்புக்குத் தண்ணீர் சேரும். சாதாரணச் சளி ஒரு வாரத்தில் தானாகவே போகிறது, டீ குடித்தவருக்கும் அப்படித்தான். காய்ச்சல் மூன்று நாள் தாண்டினாலும் மூச்சு வாங்கினாலும் ஆஸ்பத்திரிக்குப் போங்கள். மழைக்காலத்தில் டெங்குவும் வருகிறது, டீயை நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம்.

"மாசமா இருக்கேன், குடிக்கலாமா அத்தை?"

முதலில் வாழ்த்து. சமையலில் போடுகிற அளவுக்கு இஞ்சி, ஏலக்காய், பழம் என்றால் பொதுவாகத் தொந்தரவு இல்லை. காலைக் குமட்டலுக்கு இஞ்சி சிலருக்குக் கேட்கவும் செய்கிறது. அதிமதுரம் வேண்டாம், செம்பருத்தி வேண்டாம், துளசியையும் தினமும் அள்ளிப் போடவேண்டாம். உங்கள் டாக்டரிடம் "என்னென்ன போடுகிறேன்" என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். "மூலிகை டீ" என்று மொட்டையாகக் கேட்டால் அவர்களுக்கும் பதில் சொல்ல வராது.

இதே யோசனை ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கும். சுக்கும் பட்டையும் நிறையச் சேர்ந்தால் அந்த மாத்திரையோடு மோதலாம். நெஞ்செரிச்சல் உள்ளவர்கள் மிளகை விட்டுவிடுங்கள், எலுமிச்சையைக் குறையுங்கள், வெறும் வயிற்றில் குடிக்காதீர்கள்.

"வடிகட்டின சக்கையைத் தூக்கிப் போட மனசு வரலை. என்ன பண்ணலாம்?"

சுக்கு, பட்டையை மட்டும் பொறுக்கி எடுத்து அன்றைக்கே இன்னொரு தடவை கொதிக்கவைக்கலாம், பாதிக் காரம் வரும். வெந்த ஆப்பிளையும் நெல்லியையும் கொஞ்சம் கருப்பட்டிப் பாகில் கிளறினால் தோசைக்குத் தொட்டுக்கொள்ள ஆச்சு. எங்கள் வீட்டில் அதற்குப் போட்டி இருக்கிறது. இலை எதற்கும் ஆகாது, துளசி மாடத்திலேயே கொட்டிவிடுங்கள். நன்றாக ஆறினதும்.